அடைப்பே வராத இயந்திரம்

குழாய்க்காரருடைய மச்சினன் நானூறு கிலோமீட்டர் உயரத்தில் இருந்தான். ஒன்றரை மணி நேரத்துக்கு ஒருமுறை உலகத்தை ஒரு சுற்றுச் சுற்றி வந்தான். இதை அவர் வேலைக்குப் போகிற வீடுகளில் சொல்லிக்கொள்வதில்லை. சொன்னால், "அப்படியா, சந்தோஷம், அந்தக் கழுவுதொட்டிக்குக் கீழ கொஞ்சம் பாருங்க" என்றுதான் பதில் வரும்.

மேலே இருந்த மூன்று பேருடைய குடும்பங்களுக்கும் விண்நிலைய ஆணையம் வாரத்துக்குப் பத்து நிமிடம் ஒதுக்கியிருந்தது. அதற்கென்று ஆணையக் கட்டடத்தில் ஜன்னல் இல்லாத ஓர் அறை. மூன்று நாற்காலி, ஒரு திரை, சுவரில் ஒரு பட்டியல். பேசக்கூடாத சொற்கள் நாற்பத்தொன்று அதில் இருந்தன: அடைப்பு, கசிவு, நாற்றம், பழுது, அச்சம் என்று போய் 'வீடு திரும்புதல்' என்று முடிந்தன. மூலையில் கேட்பு அலுவலர் காதில் கருவியை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார். பட்டியலில் உள்ள சொல் காதில் விழுந்தால் பொத்தானை அமுக்குவார், திரை இருண்டுவிடும். ஒரு தடவை குழாய்க்காரரின் மனைவி, தம்பி சின்ன வயதில் இருட்டைக் கண்டு அழுததைப் பற்றிப் பேசும்போது, கொஞ்சம் நாகரிகமாகச் சொல்ல நினைத்து 'அச்சம்' என்று சொல்லிவிட்டாள். மிச்சமிருந்த ஏழு நிமிடமும் போயிற்று.

அந்த வாரம் மச்சினன் திரையில் வந்ததும் நலம் விசாரிக்கவில்லை. கன்னம் உப்பி, தலைமுடி குத்திட்டு நின்றபடி, நேராக விஷயத்துக்கு வந்தான்.

"அக்கா, நம்ம வீட்டுச் சமையலறைக் குழாய் அடைச்சுக்கிச்சே, சரி பண்ணியாச்சா?"

அக்காவுக்குச் சுருக்கென்றது. குழாய்க்காரர் வீட்டிலேயே குழாய் அடைத்திருக்கிறது என்று ஓர் அந்நிய மனிதர் முன்னால் சொன்னால் யாருக்குத்தான் பொறுக்கும். நம்ம வீட்டில் எதுவும் அடைக்கவில்லையே என்று அவள் ஆரம்பித்தபோது குழாய்க்காரர் மேசைக்கடியில் அவள் காலை மிதித்தார். கல்யாணமாகி இருபத்தாறு வருஷத்தில் அவர் அவளை மிதித்தது அதுதான் முதல் தடவை.

"ஆமா மாப்ளே, இன்னும் சரியாகலை. எந்த எடத்துலன்னு பாத்தியா?"

"கழிவு கெட்டியாகி வெளிய போற குழாய்ல மாமா. அஞ்சு வருஷமா நல்லா ஓடிச்சு. போன மாசம் வீட்டுப் பெரியவர் வந்து இன்னும் நல்லாப் பிழியணும்னாரு. அதுலேர்ந்துதான். வெள்ளையா மாவு மாதிரி கட்டிக்கிட்டு நிக்குது. தொட்டியில இருபத்துநாலு நாளைக்குத் தண்ணி இருக்குல்ல, பாத்துக்குங்க."

கேட்பு அலுவலர் பட்டியலைப் பார்த்தார். அதில் 'அடைப்பு' இருந்தது, 'அடைச்சுக்கிச்சு' இல்லை. ஆணையம் பட்டியலை எழுத்து நடையில் தயாரித்திருந்தது. பொத்தான் மேலிருந்த விரல் இறங்கிவிட்டது.

பேருந்தில் திரும்பும்போது குழாய்க்காரர் மனைவிக்கு விளக்கினார்: மச்சினன் சொன்னது வீட்டுக் குழாயை இல்லை, மேலே இருக்கிற இயந்திரத்தின் குழாயை. ராக்கெட்டில் தண்ணீர் கொண்டுபோய்க் கட்டுப்படியாகாது, அதனால் மேலே இருப்பவர்கள் தங்கள் சிறுநீரையே காய்ச்சி வடித்துக் குடிக்கிறார்கள். எடை இல்லாத இடத்தில் எதுவும் அடியில் தங்காது என்பதால் அதை ஒரு பீப்பாய்க்குள் ஊற்றிச் சுழற்றுகிறார்கள். காற்றை உறிஞ்சிவிட்டால் இளஞ்சூட்டிலேயே கொதிக்கும். ஆவி தண்ணீராகிவிடும், மிச்சக் கரைசல் ஒரு குழாய் வழியாகக் கழிவுப் பைக்குப் போகும். இதெல்லாம் பத்திரிகையில் வந்ததுதான். முன்பு பத்து லிட்டரில் எட்டு லிட்டர் எடுத்தார்கள். நிலையத்தின் ஐந்தாம் ஆண்டு விழாவுக்காக ஆணையத் தலைவர் போன மாதம் அதை ஒன்பதரை ஆக்கச் சொன்னார். 'தொண்ணூற்றைந்து சதவீதம்' என்று ஊரெங்கும் விளம்பரத் தட்டி வைத்திருந்தார்கள்.

மனைவி மருத்துவமனைப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்ப்பவள். அவள் மிதிபட்ட காலைத் தடவிக்கொண்டே ஜன்னல் வழியாக ஒரு தட்டியைப் பார்த்தாள். பிறகு சொன்னாள்: படுத்த படுக்கையாகக் கிடப்பவர்களுக்கு எலும்பிலிருந்து சுண்ணாம்புச் சத்து கரைந்து சிறுநீரில் வரும், மேலே எடையே இல்லாமல் மிதப்பவனுக்கும் அதேதான். கெட்டுப்போகாமல் இருக்க அதில் அமிலம் கலந்திருப்பார்கள். கந்தக அமிலம் என்றால், இரண்டும் சேர்ந்து எலும்பு முறிவுக்குக் கட்டுப்போடும் மாவாகத்தான் இறுகும்.

"அவன் எலும்புதாங்க அந்தக் குழாய அடைச்சிருக்கு" என்றாள்.

குழாய்க்காரருக்கு எல்லாம் துலங்கிவிட்டது. விடுதிக் கொதிகலன்களில் அவர் பார்க்காத படிவு இல்லை. காய்ச்சிக் காய்ச்சி அடிவண்டலை வெளியே விடாமல் வைத்திருந்தால் எந்தக் குழாயும் அடைக்கும். மறுநாள் வேலையைப் போட்டுவிட்டுப் போய் ஆணையத்தில் சொல்லிவிட்டு வந்துவிடலாம், நன்றி சொல்லி அனுப்புவார்கள் என்று நினைத்தார். இதை அவர் உண்மையாகவே நம்பினார் என்பதைச் சொல்லியாக வேண்டும்.

ஆணையத்தின் வரவேற்புக் கூடம் ஓர் அருங்காட்சியகம் மாதிரி. இரண்டரை மணி நேரம் காக்க வைத்ததில் அவர் அத்தனையையும் படித்து முடித்தார். உலகத்தில் முதலில் மேலே போன நிலையத்துக்கு ஒரே வாசல். பிறகு வந்தவற்றுக்கு இரண்டு வாசல் வைத்தார்கள், ஒன்றில் ஆட்களின் கலம் நிற்கும்போதே இன்னொன்றில் சரக்குக் கலம் வந்து சேர. ஒரு நிலையம் கிளம்பும்போதே வெயில் கவசத்தைப் பிய்த்துக்கொண்டது. போனவர்கள் உள்ளிருந்தே குடை மாதிரி ஒரு துணியை விரித்து அதைக் குடியிருக்கும்படி ஆக்கினார்கள். இன்னொன்று மின்சாரம் செத்து உறைந்துபோனது; இரண்டு பேர் கம்பளித் தொப்பியோடு உள்ளே நுழைந்து கம்பியைக் கம்பியோடு சேர்த்து உயிர் கொடுத்தார்கள். எல்லாமே யாரோ கையை வைத்துச் செய்த ரிப்பேர் வேலை. அந்தக் கைகளின் படம் ஒன்றுகூட அங்கே இல்லை. சுவரில் ஆணையத் தலைவர்களின் படங்கள் பதினொன்று இருந்தன. இப்போதைய தலைவருடையது மற்றவற்றைவிட ஒரு சாண் பெரிது.

துணை இயக்குநர் அம்மையார் அவர் சொன்னதைக் கடைசிவரை கேட்டார். கேட்டுவிட்டுக் கதவைச் சாத்தினார்.

"மனிதத் திரவ மீட்பு முனையத்தில் அடைப்பு ஏற்படாது" என்றார். அலுவலகத்தில் அதைச் சிறுநீர் இயந்திரம் என்று யாரும் சொல்வதில்லை. "ஏற்படக்கூடிய கோளாறுகள் இருநூற்றுப் பதினாறு என்று வடிவமைப்புக் குழு கண்டறிந்திருக்கிறது. அதில் அடைப்பு இல்லை. இல்லாத கோளாறு எப்படி ஏற்படும்?"

மேலே இருப்பவர்கள் என்ன சொல்கிறார்கள் என்று குழாய்க்காரர் கேட்டார். அவர்கள் முனையம் நின்றுவிட்டதாகப் பதினோரு தடவை செய்தி அனுப்பியிருப்பதாக அம்மையார் ஒப்புக்கொண்டார். ஆனால் கோளாறுப் படிவத்தில் அந்த இருநூற்றுப் பதினாறில் எது என்று எண் குறிப்பிடாமல் அனுப்பியதால் பதினொன்றும் திருப்பி அனுப்பப்பட்டன. அதெல்லாம் போகட்டும், இது மூன்றாம் நிலை இரகசியம், உங்களுக்கு எப்படித் தெரிந்தது என்று கேட்டார்.

"இல்லாத அடைப்பு எப்படிங்க ரகசியமாகும்?" என்றார் குழாய்க்காரர். கிண்டலாக இல்லை, புரியாமல்தான் கேட்டார்.

அம்மையார் அவரை நிபுணர் பிரிவுக்கு அனுப்பினார். இரகசியம் தெரிந்த வெளியாளை என்ன செய்வது என்று விதிகளில் இல்லை. இரகசியம் தெரிந்த நிபுணர் என்றால் விசாரிக்கலாம். அதனால் அவரை நிபுணராக்க முடிவு செய்தார்கள். நிலையத்தைப் பற்றித் தொழில்நுட்பக் கருத்துச் சொல்பவர் நிலையத்தில் பணிபுரியும் உடல் தகுதி பெற்றிருக்க வேண்டும் என்பது விதி. பல்லை எண்ணினார்கள், முழங்காலில் தட்டினார்கள், பிறகு சுழலும் நாற்காலியில் கட்டி உட்கார வைத்தார்கள். அன்று காலை அவர் நன்றாகச் சாப்பிட்டுவிட்டு வந்திருந்தார். நாற்காலி நின்றபோது அறையின் நான்கு சுவர்களுக்கும் அதில் பங்கு கிடைத்திருந்தது. சான்றிதழில் மருத்துவர் எழுதினார்: 'கருத்துக் கூறத் தகுதியற்றவர். கருத்துக் கேட்கத் தகுதியானவர்.'

அந்தச் சான்றிதழோடு மூன்று நாள் கழித்து அவரை உயர்மட்டக் குழுவின் முன் உட்கார வைத்தார்கள். நீள மேசை, பத்தொன்பது பேர், ஆளுக்கொரு தண்ணீர் போத்தல். குழாய்க்காரர் வாயைத் திறந்தபோதெல்லாம் செயலாளர் சான்றிதழைத் தட்டிக் காட்டினார். மனைவியும் அவருமாக உட்கார்ந்து இரண்டு பக்கம் தெளிவாக எழுதியிருந்த தாளை அவர் நீட்டினார். கேட்கப்படாத எழுத்து மூலமான கருத்து என்று முத்திரை குத்தி, பிரிக்காமலே கையில் திருப்பிக் கொடுத்தார்கள்.

தலைவர் எழுந்து பேசினார். நல்ல குரல்.

"நண்பர்களே, நிலையம் என்றால் என்ன? ஓர் இரும்புக் குடுவை. அதை நிலையமாக்குவது நம்முடைய அறிவிப்புகள். எண்பது சதவீதம் என்று ஐந்து ஆண்டுகள் சொன்னோம், ஒருவரும் கைதட்டவில்லை. தொண்ணூற்றைந்து என்றோம், அரங்கமே எழுந்து நின்றது. இயந்திரத்தைக் கேட்டுவிட்டா அறிவித்தேன்? இல்லை. இயந்திரத்தைக் கேட்டுக்கொண்டிருந்தால் இந்த நாற்காலியில் நான் இருந்திருக்க மாட்டேன், இயந்திரத்துக்குப் பக்கத்தில் இருந்திருப்பேன். முப்பத்திரண்டு ஆண்டுப் பணியில் ஒரு முறைகூட நான் ஓர் இயந்திரத்தின் பக்கத்தில் நின்றதில்லை. அந்தத் தூரம்தான் என்னை நடுநிலையாளனாக வைத்திருக்கிறது."

பத்தொன்பது பேரும் கைதட்டினார்கள். கேட்கத் தகுதி பெற்றவர் என்பதால் குழாய்க்காரரும் கேட்டுக்கொண்டிருந்தார். முனையத்தின் நிலை குறித்து ஆராயத் துணைக் குழு ஒன்று அமைப்பது, அது நாற்பத்தைந்து நாளில் அறிக்கை தருவது என்று தீர்மானமாயிற்று. மேலே அப்போது இருபது நாள் தண்ணீர் இருந்தது. குழாய்க்காரரால் அதற்குமேல் பொறுக்க முடியவில்லை. சான்றிதழை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு எழுந்தார்.

"மிச்சம் இருபத்தஞ்சு நாளு அவங்க என்னத்தக் குடிப்பாங்க?"

தலைவர் அவரைக் கனிவோடு பார்த்தார். வீரர்கள் தியாகத்துக்குத் தயாராகவே மேலே போகிறார்கள் என்றும், அவர்களுடைய தாகத்தை நாட்டுக்கே முன்மாதிரியாக வைக்கலாமா என்று துணைக் குழு பரிசீலிக்கும் என்றும் சொன்னார். பிறகு தன் போத்தலைத் திறந்து பாதி குடித்துவிட்டு, மூடாமல் வைத்துவிட்டுப் போனார்.

அன்று வீட்டுக்கு வந்த குழாய்க்காரர் சட்டையைக்கூடக் கழற்றவில்லை. அவர்களிடம் சொல்லிப் புரியவைக்கலாம் என்று இத்தனை நாள் அலைந்தது எவ்வளவு பைத்தியக்காரத்தனம் என்று மனைவியிடம் சொன்னார். மனைவி ஒரு மெல்லிய ரப்பர் குழாயையும் பெரிய ஊசிக்குழலையும் மருத்துவமனைப் பிளாஸ்டர் மாவையும் மேசையில் வைத்தாள். குழாய்க்குள் மாவைக் கரைத்து ஊற்றி இறுக விட்டார்கள். வினிகரில் ஊற வைத்தார்கள், கரையவில்லை. கைகளால் அழுத்திப் பிசைந்தபோது உள்ளே பொடிந்தது. எந்தப் பக்கத்திலிருந்து தண்ணீரைத் தள்ளினால் பொடி வெளியேறுகிறது, எந்தப் பக்கத்திலிருந்து தள்ளினால் இன்னும் இறுகுகிறது என்று நான்கு குழாய் பாழாக்கிக் கண்டுபிடித்தார்கள். இரண்டு பேர், ஒரு மேசை. துணைக் குழு எதுவும் தேவைப்படவில்லை.

அடுத்த பத்து நிமிடம் வந்தது. மச்சினனின் உதடு வெடித்திருந்தது. அக்கா அதைப் பார்த்துவிட்டுச் சட்டென்று ஆரம்பித்தாள்.

"நம்ம சமையலறைக் குழாய மாமா சரி பண்ணிட்டாரு தம்பி. எப்படின்னு சொல்றாரு, கேட்டுக்க."

குழாய்க்காரர் நிதானமாகச் சொன்னார். வினிகர், அமிலம் எதுவும் வேண்டாம், அது கரையாத சாதி. குழாயை இரண்டு பக்கமும் கழற்றி, வெதுவெதுப்பாக்கி, விரல் விரலாக நகர்ந்து முழு நீளத்துக்கும் பிசைய வேண்டும். கழிவுப் பை இருந்த பக்கத்திலிருந்து பீப்பாய்ப் பக்கமாக, அதாவது எப்போதும் ஓடுவதற்கு எதிர்த் திசையில், ஊசிக்குழலால் தண்ணீரைத் தள்ள வேண்டும். மறுமுனையில் ஒரு பையை இறுகக் கட்ட வேண்டும்.

"பைய மறந்துடாத மாப்ளே. இல்லேன்னா பொடி சமையலறை பூரா பறக்கும். கண்ணுலயும் மூச்சுலயும் போயிடும்."

கேட்பு அலுவலர் காதுக் கருவியைக் கழற்றினார். மூன்று பேருக்கும் மூச்சு நின்றுவிட்டது, ஒருவருக்கு நானூறு கிலோமீட்டர் உயரத்தில். அலுவலர் நாற்காலியை இழுத்துக்கொண்டு கிட்டே வந்தார்.

"எங்க வீட்டு வெந்நீர்த் தொட்டியிலயும் இதே வெள்ளை மாவுதாங்க. ரெண்டு வருஷமா சுத்தம் பண்றேன், திரும்பத் திரும்ப வருது. வராமலே இருக்க வழி இருக்கா?"

பத்து நிமிடத்தில் இரண்டு நிமிடம் அவருடைய வெந்நீர்த் தொட்டிக்குப் போனது. அக்கா கை நகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஆனால் குழாய்க்காரர் சொல்ல மறந்திருந்ததே அதுதான். திரையைப் பார்த்துக்கொண்டே அலுவலருக்குப் பதில் சொன்னார்.

"ரொம்பக் காய்ச்சக் கூடாதுங்க. பத்துல எட்டு எடுத்தாப் போதும்னு விட்டுடணும். மிச்சம் ரெண்டு தண்ணியா இருக்கும்போதே வெளிய தள்ளிடணும். அதுக்குமேல ஆசப்பட்டாத்தான் கட்டிக்கும்."

மேலிருந்து மச்சினன், அலுவலர் சாருக்குப் புரிஞ்சுதா என்று கேட்டான். அலுவலர் குறித்துக்கொண்டதாகச் சொல்லி நன்றி தெரிவித்தார். அவருடைய குறிப்பேட்டில் அன்றைய பதிவு: 'குடும்ப விஷயங்கள் பேசப்பட்டன. பயனுள்ளவை.'

இரண்டாம் நாள் மேலே முனையம் ஓடியது. பத்துக்கு எட்டு, ஒரு சொட்டுக் குறையாமல். தொட்டி நிறையத் தொடங்கியதும் தரைக் கட்டுப்பாட்டு அறையின் திரைகளில் எண்கள் ஏறின. முனையம் நின்றபோது கண்டுகொள்ளாத ஆணையம் அது ஓடியபோது பதறிப்போனது. அனுமதி இல்லாத யாரோ எதையோ சரி செய்திருக்கிறார்கள். விசாரணை நடந்தது, குழாய்க்காரர் நான்கு முறை போய் வந்தார், சமையலறையைப் பற்றி மட்டுமே பேசினார். இறுதியில் உத்தரவு வந்தது: அங்கீகாரமில்லாத கையால் தொடப்பட்டதால் முனையம் இயங்காததாகக் கருதப்படும், அதிலிருந்து வரும் நீர், நீராகக் கருதப்படாது. குடிப்பவர்மீது நடவடிக்கை எடுக்கப்படும்.

அதன்படி நிலையத்தில் தண்ணீர்ப் பஞ்சம் என்று தலைவர் முதன்முறையாக அறிவித்தார். நாடு பதறியது. தண்ணீர் ஏற்றிய சரக்குக் கலம் ஒன்று பெரும் முழக்கத்தோடு கிளம்பிப் போய்ச் சேர்ந்தது. மேலே தொட்டிகள் வழிய வழிய நிறைந்திருந்தன. வந்த தண்ணீரை ஊற்ற இடமில்லாமல், மூன்று பேரும் பைகளைத் தூங்கும் அறையில் கட்டிவைத்துவிட்டுச் சரக்கறையில் தூங்கினார்கள்.

அந்தத் தண்ணீரைக் குடிப்பதைத் தொலைக்காட்சியில் நேரலையாகக் காட்டினார்கள். தலைவர் மேடையிலிருந்து, நம் தாய்மண்ணின் நீர் எப்படி இருக்கிறது என்று கேட்டார். அமிர்தம் என்று சொல்லும்படி எழுதி அனுப்பியிருந்தார்கள். மச்சினன் பையிலிருந்து ஒரு மடக்கு உறிஞ்சினான்.

"ரப்பர் வாசம் அடிக்குதுங்க. போன வாரம் குடிச்சது நல்லா இருந்துச்சு."

ஒளிபரப்பில் தொழில்நுட்பக் கோளாறு ஏற்பட்டது. தலைவருக்கு, மூன்று உயிர்களைத் தாகத்திலிருந்து காப்பாற்றியதற்காக நாட்டின் உயர்ந்த பதக்கம் கிடைத்தது.

மச்சினன் இரண்டு மாதம் கழித்து இறங்கினான். எலும்பு தேறுகிறவரை அக்கா வீட்டில்தான் இருந்தான். சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்து பழகினான். இனி மேலே போக அவனுக்கு நிரந்தரத் தடை. ஒரு நாள் காலையில் பத்திரிகையை மாமாவிடம் நீட்டினான். முனையம் புதுப்பிக்கப்பட்டு விட்டது. அடுத்த குழுவோடு தொண்ணூற்றேழு சதவீதம் எட்டப்படும் என்று தலைவர் அறிவித்திருந்தார். குழுவினர் படமும் போட்டிருந்தது. நடுவில் நிற்கும் பெண் விமானி தன்னோடு பயிற்சி எடுத்தவள் என்றும், அவள் புருஷன் பள்ளிக்கூட ஆசிரியர் என்றும் சொல்லி, தெருப் பெயரை எழுதிக் கொடுத்தான்.

குழாய்க்காரர் அன்று சாயங்காலமே போனார். போகும் வழியெல்லாம் என்ன சொல்லி ஆரம்பிப்பது என்று யோசித்தார். பைத்தியக்காரன் என்று நினைத்துக் கதவைச் சாத்திவிடுவார்களோ என்று பயமாக இருந்தது. மூன்றாவது மாடி. மணியை அடித்ததும் கதவு திறந்தது. ஆசிரியர் இவரை உச்சி முதல் பாதம் வரை பார்த்தார். உள்ளே போய் ஒரு கடிதத்தை எடுத்துவந்து, அதையும் இவரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"குட்டையா, முன்வழுக்கையா, கையில பையோட ஒருத்தர் வந்து குழாய் ரிப்பேர் பத்திப் பேசுவாரு, எக்காரணம் கொண்டும் உள்ள விடாதீங்கன்னு ஆணையத்துலேர்ந்து எழுதியிருக்காங்க."

குழாய்க்காரர் தலையைக் குனிந்துகொண்டு படியைப் பார்த்துத் திரும்பினார்.

"எங்க போறீங்க?" என்றார் ஆசிரியர். "இந்தக் கடுதாசி வந்ததுலேர்ந்து பத்து நாளா உங்களுக்காகத்தான் பாத்துக்கிட்டிருக்கோம். உள்ள வாங்க, மேல போற மத்த ரெண்டு பேரோட வீட்டுக்காரங்களையும் கூப்பிடுறேன்."